சீழின் காரணங் கண்ட சேர் அலெக்சாந்தர் ஒக்ஸ்டன்

பதுளை, பசறை, மடுல்சீமை, அப்புத்தளை முதலிய இடங்களின் தோட்டங்களிலிருந்து எமது கல்லூரிக்கு வந்து பயின்றோர்க்குச் சீழ்க்கட்டி யாதென விளக்க வேண்டியதில்லை. கொழுந்து பறிக்குந் தாய்மாரின் விரல்நுனியில் நகச்சுற்று. கவ்வாத்துக் கத்தி தவறிப் பட்ட ஆடவரின் காலிற் புண். மழைக்காலத்திற் சிறுவரின் முழங்காலிலுந் தலையிலுங் கொப்புளம். எம் இளமைக் காலத்தில் லயத்து வீடுகளில் இவற்றுக்கு மஞ்சளும் சுடுசோறும் வைத்துக் கட்டுவர். கட்டி பழுத்துடைந்து சீழ் வெளிப்பட்டதும், நஞ்சு இறங்கிவிட்டதென்று வீட்டார் ஆறுதலடைவர். உடையாது உள்ளே பரவி உடலெங்குங் காய்ச்சல் மூண்டால், நோயாளியைச் சுமந்துகொண்டு தோட்டத்து ஆசுபத்திரிக்கு இறங்குவர். அவ்வாறு சென்றவருள் மீளாதவரும் உளர். அவர்களை நாம் அறிவோம்.

அச்சீழ் எதனால் உண்டாகின்றது என்னும் வினாவுக்கு முதன்முதல் ஐயந்திரிபற விடை கண்டவர் சேர் அலெக்சாந்தர் ஒக்ஸ்டன் என்னும் சத்திரசிகிச்சை அறிஞர். பாஸ்ரர், லிஸ்டர், கொக் ஆகிய பெரியார் மூவரையும் எம் மாணவர் நன்கறிவர். ஒக்ஸ்டனாரின் பெயரோ மருத்துவ நூல்களுக்கு வெளியே அதிகம் வழங்குவதில்லை. ஆதலின் இவ்விழா மலரிலே அவருடைய வரலாற்றைச் சிறிது விரித்துரைக்க விழைகின்றோம்.

ஒக்ஸ்டனார் 1844ஆம் ஆண்டு ஏப்பிரில் 19ஆம் நாள் ஸ்கொத்லாந்தின் வடகீழ்க் கரையிலுள்ள அபடீன் நகரிற் பிறந்தார். அப்பகுதி மலைநாட்டாராகிய எமக்கு முற்றும் அந்நியமானதன்று. சென்ற நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டில் இலங்கைக் கோப்பித் தோட்டங்களுக்கு வந்த துரைமாரிற் பலர் அங்கிருந்தே வந்தனர். 1867இல் லூல்கந்துரையிலே தேயிலையைத் தோட்டப் பயிராக்கிய ஜேம்ஸ் ரெயிலரும் அபடீனுக்குத் தெற்கேயுள்ள கிங்காடின் மாவட்டத்தவரே. ஒக்ஸ்டனாரின் தந்தையார் பிரான்சிஸ் ஒக்ஸ்டன், அபடீன் பல்கலைக்கழகத்தில் நீதிமன்ற மருத்துவப் பேராசிரியராய் விளங்கியவர். மைந்தரும் அங்கேயே மருத்துவம் பயின்று, ஐரோப்பாவின் பெருநகர் மருத்துவமனைகளையுங் கண்டு, 1865இற் பட்டம் பெற்றார். 1870 தொடக்கம் நகரத்துப் பெரிய மருத்துவமனையிற் சத்திரசிகிச்சை செய்துவந்தார்.

அக்காலத்துச் சத்திரசிகிச்சையின் நிலையை இன்றைய மாணவர் கற்பனை செய்வதும் அரிது. கத்தி பட்ட புண்ணெல்லாஞ் சீழ் வைக்கும் என்பதே விதி. கெட்டியாய், வெண்மஞ்சளாய் வருஞ் சீழை நற்சீழ் என்றே மருத்துவர் மதித்தனர். எம் லயத்துப் பாட்டிமாரின் எண்ணத்துக்கும் அப்பேராசிரியரின் எண்ணத்துக்கும் இடையே இவ்விடயத்தில் அதிக தூரமிருந்ததில்லை. 1867இல் லிஸ்டர் பெருமகனார் காபோலிக்கமிலத்தாற் புண்ணைக் காக்கும் முறையை வெளியிட்டார். ஒக்ஸ்டனார் நேரிற் சென்று கண்டு, வியந்து, அம்முறையை அபடீனிலே கைக்கொண்டார். அறுவைக் கூடமெங்குங் காபோலிக்கு நீர் தூவப்பட்டது. மாணவர்கள் அத்தூவானத்தைக் கேலி செய்து பாட்டுக் கட்டிப் பாடினர் என்பர்; மாணவர் எந்நாட்டிலும் மாணவரே. புண்கள் சீழின்றி ஆறின. எனினும் ஒரு வினா அவருள்ளத்தை உறுத்திற்று. காற்றிலுள்ள கிருமி புண்வழி நுழைந்து அழுகலை உண்டாக்குகின்றதென்றால், தோல் கிழியாத இடத்திலே, ஒருபோதும் திறவாத கட்டிக்குள் சீழ் எவ்வாறு வந்தது?

1880ஆம் ஆண்டளவில், காலிற் கட்டி கண்டு வருந்திய நோயாளி ஒருவரின் உடையாத கட்டியிலிருந்து சீழை எடுத்து, அனிலீன் ஊதாச் சாயமூட்டி, நுணுக்குக்காட்டியின்கீழ் வைத்து நோக்கினார். சீழ்க்கலங்களுக்கு இடையிலே ஊதா நிறமான சிறு உருண்டைகள் எண்ணிலவாய்க் கிடந்தன. சில இடங்களில் அவை மணி கோத்தாற்போற் சரஞ்சரமாயிருந்தன. வேறு சில இடங்களில் மீன்சினைபோற் குவிந்திருந்தன. அவர் அக்காட்சியோடு அமைந்துவிடவில்லை. தம் வீட்டின் பின்புறத்தே சிறியதோர் ஆய்வுகூடம் அமைத்தார். பிரித்தானிய மருத்துவச் சங்கம் 50 பவுண் உதவிற்று. உயிரினங்களிற் சோதனை நடத்துதற்குச் சட்டப்படி அனுமதியும் பெற்றார்.

அச்சோதனைகளின் ஒழுங்கே எமக்கு மிக உவப்பானது. கட்டி கட்டியாகச் சீழெடுத்து நோக்கினார். விரைந்தெழுந்து நோவுந் தணலுமாய் நிற்குங் கட்டிகளிலெல்லாம் உருண்டைகள் இருந்தன; மெல்ல வளருஞ் சூடற்ற கட்டிகளில் அவை காணப்படவில்லை. அவ்விரண்டாம் வகை பெரும்பாலுங் காசநோயின் விளைவென்பது பின்னர்த் தெளிவாயிற்று. முதல்வகைச் சீழைச் சுண்டெலிக்குங் கினிப்பன்றிக்கும் ஊசியால் ஏற்றினார். அவற்றுக்குங் கட்டி உண்டாயிற்று. அதே சீழைச் சூடாக்கியோ காபோலிக்கமிலங் கலந்தோ ஏற்றியபோது கட்டி உண்டாகவில்லை. உயிர்க்கொலை எம் சமயநெறிக்கு ஒவ்வாததே. ஆயினும் அச்சிற்றுயிர்கள் காட்டிய உண்மையாற் பிழைத்த மனிதர் எண்ணிறந்தோர் என்பதையும் மறுத்தற்கில்லை. கிருமிகளைத் தனியே வளர்த்தற்குத் தக்க ஊடகமின்மையால் புதுக்கோழிமுட்டையையே பாத்திரமாகக் கொண்டார். முட்டைக்குள் வளர்ந்தவையும் எலிக்குக் கட்டியை விளைத்தன.

1880 ஏப்பிரில் 9ஆம் நாள் பேர்லின் நகரத்துச் சத்திரசிகிச்சையாளர் மகாநாட்டில் இம்முடிபுகளை வெளியிட்டார். 1881இல் பிரித்தானிய மருத்துவ இதழில் அவரது நீண்ட அறிக்கை வந்தது. சரமாய் நிற்பவற்றுக்குப் பில்ரொத் என்னும் வியன்னாப் பேராசிரியர் முன்னரே ஸ்டிரெப்டோகொக்கசு என்னும் பெயரை வழங்கியிருந்தார். குவியலாய் நிற்பவற்றுக்குப் பெயரில்லை. ஒக்ஸ்டனார் தம் பல்கலைக்கழகத்துக் கிரேக்கமொழிப் பேராசிரியரைக் கலந்து, 1882இல் ஸ்டபிலோகொக்கசு என்று பெயரிட்டார். கிரேக்கத்தில் ஸ்டபிலே என்பது திராட்சைக் குலை. கொக்கொஸ் என்பது மணி.

குலையுஞ் சரமும் வெறுந் தோற்ற வேறுபாடென்று தள்ளத்தக்கனவல்ல. இரண்டும் உருண்டையே. ஸ்டபிலோகொக்கசின் குறுக்களவு ஏறக்குறைய ஒரு மில்லிமீற்றரின் ஆயிரத்தில் ஒரு கூறு. ஆயிரம் மணிகளை வரிசையாய் அடுக்கினால் ஒரு மில்லிமீற்றர் நீளும். வேறுபாடு அவை இரண்டாய்ப் பிரியும் முறையிலே உள்ளது. ஸ்டிரெப்டோகொக்கசு ஒவ்வொரு முறையும் ஒரே திசையிற் பிளந்து, பிரியாது ஒட்டிநிற்றலால், உருத்திராக்க மாலைபோல நீள்கின்றது. ஸ்டபிலோகொக்கசோ ஒருமுறை பிளந்த திசைக்குக் குறுக்காக மறுமுறையும், அதற்குங் குறுக்காக அடுத்த முறையும் பிளக்கின்றது, பிறந்தவை முற்றும் விலகாது ஒட்டிக்கொள்கின்றன, ஆதலாற் குலையாகின்றது. அதற்கு நீந்துதற்குச் சவுக்குமுளை இல்லை, வித்தியும் உண்டாக்குவதில்லை. எனினும் உலர்ந்த துணியிலுந் தூசியிலும் நெடுநாள் உயிர்தாங்கும். கடல்நீரினும் இருமடங்கு உப்பிலும் வளரவல்லது.

ஒக்ஸ்டனாருக்குப் பாராட்டு உடனே கிட்டவில்லை. இலண்டன் பெருமக்களுக்கு வடகோடியிலுள்ள ஒரு நகரத்துச் சத்திரசிகிச்சையாளர் கூறியது எளிதில் ஏறவில்லை. அவருடைய அடுத்த கட்டுரை அம்மருத்துவ இதழிலன்றி, உடலமைப்பியல் சார்ந்த பிறிதோர் இதழிலேயே வெளிவந்தது. இவற்றினும் அவரை வருத்தியிருக்கக்கூடியது, தாம் குருவென மதித்த லிஸ்டர் பெருமகனாரின் ஐயப்பாடு. லிஸ்டரின் உதவியாளராயிருந்த வொற்சன் செயின், சீழின்றி நன்றாய் ஆறிவருகின்ற புண்களிலும் இத்தகைய உருண்டைகளைக் கண்டிருந்தார். ஆகவே அவை தீங்கற்றவை என்பது அவர் கட்சி. ஒக்ஸ்டனார் லிஸ்டரை ஒருபோதும் இகழ்ந்தாரல்லர். தாங் கண்டதையும் அவர் கைவிட்டாரல்லர்.

இவ்விருவரில் யார் கூற்று மெய்? இருவருமே மெய்யைக் கண்டனர் என்பது எம் கருத்து. நுணுக்குக்காட்டியின்கீழ் ஒன்றுபோற் காணப்படும் மணிகளுள் இனங்கள் பலவுள. 1884இல் ஜேர்மானியராகிய றோசன்பாக் இக்கிருமிகளைத் தனித்தனியே வளர்த்தார். வளர்ந்த கூட்டங்களுட் சில பொன்னிறமாயும் சில வெண்ணிறமாயும் இருந்தன. முன்னதை ஒளரியசு என்றும் பின்னதை அல்பசு என்றும் வகுத்தார். அல்பசு எனப்பட்டது இன்று எப்பிடெர்மிடிசு எனப்படுகின்றது. அது எம் ஒவ்வொருவர் தோலிலும் வாழ்வது. பெரும்பாலுந் தீங்கு செய்யாதது. செயின் நற்புண்களிற் கண்டவற்றுட் பெரும்பகுதி அதுவாயிருத்தல் கூடும். கட்டியை விளைப்பது பொன்னிறத்தது. அதுவும் பத்துப் பேரில் ஏறக்குறைய மூவர் மூக்கினுள் சத்தமின்றிக் குடியிருந்து, கத்தி பட்ட இடங் கண்டால் உள்ளே நுழைகின்றது. வடிவம் ஒன்றாயினும் இயல்பு வேறு. வகைப்படுத்தல் என்பது பரீட்சைக்காகப் பெயர்களை மனனஞ் செய்வதென்று கருதும் மாணவர் இவ்வழக்கை நினைவிற் கொள்வாராக.

நிறம் மட்டும் போதிய அடையாளமன்று என்பதும் பின்னர் அறியப்பட்டது. பொன்னிறக் கிருமி குருதித் திரவத்தை உறையச் செய்யும் ஒரு நொதியத்தைச் சுரக்கின்றது. அதன் வெண்ணிற உறவு சுரப்பதில்லை. ஐதரசன் பேரொட்சைட்டுத் துளியை இட்டால் ஸ்டபிலோகொக்கசு நுரை கக்கும், ஸ்டிரெப்டோகொக்கசு கக்காது. இவ்வெளிய சோதனைகள் இன்றும் மருத்துவமனை ஆய்வுகூடங்களில் வழங்குகின்றன. நெடுங்காலம் மைக்குறோகொக்கசு என்னும் பிற உருண்டைகளோடு சேர்த்தெண்ணப்பட்ட இக்குலம், 1960களில் அதன் பரம்பரைப் பொருளின் அமைப்பை அளந்தறிந்தபோது, அவற்றுக்கு வெகு தூரத்து உறவே என்பது வெளியாயிற்று. இன்று ஐம்பதுக்கு மேற்பட்ட இனங்கள் இதன்கண் எண்ணப்படுகின்றன.

ஈண்டு எம் மண்ணைப்பற்றிய செய்தி ஒன்றையுங் கூறாது செல்லுதல் இயலாது. 1869இல் எமது மடுல்சீமைப் பகுதியிலே கோப்பி இலைகளிற் செம்மஞ்சட் பொடியாய் முதன்முதற் காணப்பட்ட நோய், இலங்கைக் கோப்பியையே மாய்த்தது. அதனை ஆராய அரசினர் அழைத்த மார்ஷல் வார்ட் என்னும் இளைஞர் 1880 தொடக்கம் 1882 வரை இத்தீவிலே தங்கி, அது ஒரு பூஞ்சணத்தின் வேலையே என்பதை நுணுக்குக்காட்டியால் நிறுவினார். ஒக்ஸ்டனார் அபடீனிற் சீழை நோக்கிய அதே ஆண்டுகள்! நோய்க்கு விதியையும் வானிலையையும் மண்ணையுங் காரணங் காட்டிய உலகுக்கு, இருவேறு கோடிகளில் இருந்த இருவர் ஒரே காலத்திற் கண்ணாடியூடே காரணங் காட்டினர். வார்டின் கண்டுபிடிப்பாற் கோப்பி பிழைக்கவில்லை. எம் முன்னோர் கோப்பியை விட்டுத் தேயிலைக்கு மாறினர்.

ஒக்ஸ்டனார் 1882இல் அபடீன் பல்கலைக்கழகத்துச் சத்திரசிகிச்சைப் பேராசிரியராகி, 1909 வரை அப்பதவியில் இருந்தார். விக்ரோறியா மகாராணியாரின் சத்திரசிகிச்சையாளராகவும் நியமனம் பெற்றார். 1885இற் சூடான் போர்க்களத்தையும், நூற்றாண்டின் இறுதியில் தென்னாபிரிக்கப் போரையும் நேரிற் கண்டு, படையின் மருத்துவ ஏற்பாடுகளின் குறைகளை அஞ்சாது எடுத்துரைத்தார். முதல் உலகப் போரின்போது, எழுபது வயது கடந்தவராயிருந்தும், செர்பியாவிலும் இத்தாலியிலுங் காயமுற்றோர்க்குத் தொண்டாற்றினார். லிஸ்டர் பெருமகனாரோ 1890இல் பேர்லினிற் கூடிய உலக மருத்துவ மகாநாட்டிலே, காற்றைத் தூய்மையாக்கத் தாம் தூவானத்தைக் கையாண்டதற்காக வருந்துவதாய் வெளிப்படையாகவே ஒப்புக்கொண்டார். பெரியோரின் பெருமை அதிலும் விளங்கிற்று.

கிருமியின் காரணம் அறியப்பட்ட பின்னரும் அதனைக் கொல்லும் மருந்து கைக்கு வரவில்லை. கீறிச் சீழை வடித்தலும் தூய்மையுமே வழிகள். மருந்து வந்த வழியும் ஒக்ஸ்டனாரின் கிருமியூடாகவே வந்தது. ஸ்டபிலோகொக்கசைச் சூழத் தடித்த கலச்சுவர் ஒன்றுண்டு. சர்க்கரைச் சங்கிலிகளைக் கிளைசீன் ஐந்தைந்தாய்க் கோத்த பாலங்கள் குறுக்கே பிணைத்த வலை அது. டென்மார்க்கு அறிஞர் கிராம் 1884இற் கண்ட சாயமுறையில் இக்கிருமி ஊதா நிறத்தை விடாது பற்றுவதும் அச்சுவரின் தடிப்பினாலேயே. பெனிசிலின் அப்பாலங்கள் பிணைவதைத் தடுக்கும்; சுவர் நலிந்த கலம் வெடித்து மாயும். 1940களிற் பெனிசிலின் வழக்குக்கு வந்ததும், அதனைச் சிதைக்கும் நொதியத்தைச் சுரக்கும் வகைகள் பரவின. 1959இல் வந்த மெதிசிலினுக்கு 1961இலேயே எதிர்ப்புக் கண்டது. குறித்த நாள்வரை மருந்து உட்கொள்ளாது இடையில் நிறுத்துவோர் எம் தோட்டங்களிலும் நகரங்களிலும் பலர். கட்டி வடிந்ததும் குளிசையை மறப்பது எம்மவர் வழக்கம். அவ்வழக்கத்தை இம்மலரைப் படிக்கும் மாணவராவது தம் வீட்டில் மாற்றுதல் வேண்டும்.

1928 செப்தெம்பரில் இலண்டன் மருத்துவமனை ஒன்றின் ஆய்வுகூடத்தில், விடுமுறை கழிந்து வந்த அலெக்சாந்தர் பிளெமிங், ஸ்டபிலோகொக்கசு வளர்த்த தட்டொன்றிலே பூஞ்சணம் விழுந்து, அதனைச் சூழக் கிருமிகள் கரைந்திருக்கக் கண்டார். அச்செய்தி அச்சேறியது 1929 யூன் மாதத்தில். ஒக்ஸ்டனார் அவ்வாண்டு பெப்ரவரி முதலாம் நாள், எண்பத்து நான்காம் வயதிலே, அபடீனிற் காலமாகியிருந்தார்.