பாம்பறிஞர் பாட்ரிக் ரஸ்ஸல்

பழவேற்காட்டு ஏரிக்கும் வங்கக் கடலுக்கும் இடையே நீண்டு கிடக்கும் மணல் மேட்டில் லைட்ஹவுஸ் குப்பம் என்னும் மீனவர் ஊர் உளது. சென்ற ஆண்டு நம் கல்லூரி மாணவர் சிலருடன் நாம் அவ்வூருக்குச் சென்றிருந்தபோது, வலைகளைக் காயப்போட்டிருந்த இடத்தருகே ஒரு பாம்பு முதுகு முறிந்து கிடக்கக் கண்டோம். அதனைத் துடுப்பால் அடித்துக் கொன்ற இளைஞரும், அருகே நின்ற முதியவரும் அது கண்ணாடி விரியனே என ஒருமுகமாய் உரைத்தனர். குட்டையாய்த் தடித்த உடல், பழுப்பு நிறத் திட்டுகள், சொரசொரத்த வால் ஆகியவற்றைக் கண்டு அவர்கள் அஞ்சியதில் வியப்பில்லை. ஆயினும் அதன் தலை கழுத்தினின்றும் பிரித்தறிய இயலாதவாறு ஒடுங்கியிருந்தது. திட்டுகளும் சங்கிலிபோல் ஒழுங்காய்க் கோக்கப்பெறாது ஒன்றோடொன்று கலந்து கிடந்தன. அது நஞ்சு சிறிதுமில்லாத மண்ணுளிப் பாம்பு. மலைப்பாம்பைப் போன்றே இரையைச் சுற்றி வளைத்து இறுக்கிக் கொல்லும் இயல்பினது. வலைக் கயிறுகளைக் கடித்துக் குதறும் எலிகளே அதன் உணவு. இதனை நாம் எடுத்துரைத்தபொழுது அம்முதியவர் சிறிது நேரம் வாளாவிருந்து, பின்னர், விரியனை மண்ணுளியென்று கருதிக் கையாலெடுத்து மாண்டவர்களும் உண்டாதலின் ஐயமுற்றவிடத்து அடித்துவிடுதலே தங்கள் வழக்கமென்று கூறினார். அவர் கூற்றை மறுக்க நமக்கு நா எழவில்லை.

எது கொல்லும் பாம்பு, எது கொல்லாத பாம்பு என்னும் இவ்வினாவே இருநூறு ஆண்டுகட்கு முன் இதே சோழமண்டலக் கரையில் ஒரு வைத்தியரின் முதுமைக் காலம் முழுவதையும் கொள்ளை கொண்டது. அவரே பாட்ரிக் ரஸ்ஸல் என்பார். இந்தியப் பாம்பு நூலுக்குத் தந்தை என அறிஞர் போற்றும் அப்பெரியாரின் சரித்திரத்தை இங்குச் சுருக்கமாய் வரைய முற்படுகின்றோம்.

ரஸ்ஸல் 1726-ஆம் ஆண்டு ஸ்காத்லாந்து தேசத்து எடின்பரோ நகரிற் பிறந்து, அந்நகரிலேயே வைத்தியக் கல்வி பயின்றார். அவருடைய மாற்றாந்தாய் வழித் தமையனார் அலெக்ஸாந்தர் ரஸ்ஸல், சிரியா நாட்டு அலெப்போ நகரில் ஆங்கில வர்த்தகருக்கு வைத்தியராயிருந்து, அந்நகரின் இயற்கை வரலாற்றை நூலாக எழுதிப் புகழ் பெற்றவர். 1750-இல் இளையவர் தமையனாரிடம் போய்ச் சேர்ந்தார். மூன்றாண்டுகட்குப் பின் தமையனார் தாய்நாடு திரும்பவே, அப்பதவி இவருக்காயிற்று. 1760 முதல் 1762 வரை அலெப்போவைக் கொள்ளைநோய் சூறையாடிற்று. அக்காலத்தே ரஸ்ஸல் நகரை விட்டு ஓடாமல், தம் இல்லத்தின் உயர்ந்த சாளரத்தில் நின்றுகொண்டே தெருவில் நிற்கும் நோயாளரைக் கேட்டறிந்து மருந்து கூறி வந்தார். அஞ்ச வேண்டியதற்கு அஞ்சி, அதன் இயல்பை அறிந்து, அறிந்தவாறு ஒழுகுதல் என்பதே அவருடைய முறை. அந்நகரத்துப் பாஷா அவர்பால் மிக்க மதிப்புக் கொண்டு, தலைப்பாகை அணியும் உரிமையை அவருக்கு அளித்தனர் என்பர். அந்நோயைப்பற்றி அவர் ஆராய்ந்தவை யாவும் 1791-இல் பெருநூலாய் வெளிவந்தன.

அலெப்போவினின்றும் மீண்டு இலண்டனில் வைத்தியத் தொழில் நடத்தி, 1777-இல் ராயல் ஸொஸைட்டியின் அங்கத்தினராகவும் தேர்ந்தெடுக்கப்பெற்ற ரஸ்ஸல், அவ்வளவில் ஓய்ந்திருக்கலாம். ஆனால் அவர் தம்பி கிளாட் என்பவருக்குக் கும்பினியார் விசாகப்பட்டினத்தில் உத்தியோகம் அளித்தனர். தம்பியின் குடும்பத்துக்குத் துணையாக 1781-இல் அவரும் கப்பலேறினார். அப்பொழுது அவருக்கு வயது ஐம்பத்தைந்து. அவ்வாண்டிலேதான் ஒல்லாந்தர் வசமிருந்த பழவேற்காட்டுக் கோட்டையை ஆங்கிலேயர் கைப்பற்றினர். கோட்டைகள் கைமாறிக்கொண்டிருந்த அந்நாளில், இம்முதியவர் கடற்கரையில் மீன்களையும் செடிகளையும் திரட்டிக்கொண்டிருந்தனர் என நினைக்குந்தோறும் நமக்கு வியப்பு மேலிடுகின்றது.

அந்நாளில் கும்பினியின் இயற்கையாராய்ச்சியாளராயிருந்தவர் யோஹான் கெர்ஹார்த் கோனிக் என்பவர். லின்னேயஸ் என்னும் பேரறிஞரிடம் நேரிற் பயின்று, தரங்கம்பாடி மிஷனுக்கு வைத்தியராக வந்தவர் அவர். 1785-இல் அவர் காலமாகவே, அப்பணி ரஸ்ஸலுக்கு அளிக்கப்பட்டது. இந்நாட்டுப் பயன்தரு செடிகளைப்பற்றிக் கும்பினியின் வைத்தியர் யாவரும் செய்தி திரட்டி உதவவேண்டுமென்று அவர் அரசாங்கத்தாருக்கு விண்ணப்பித்தார். ராக்ஸ்பரோ என்பவர் வெளியிட்ட சோழமண்டலக் கரைச் செடிகள் என்னும் பெருநூலுக்கு அதுவே வித்தாயிற்று.

எனினும் அவர் உள்ளத்தை ஈர்த்தவை பாம்புகளே. கும்பினியின் சிப்பாய்களும் உழவரும் ஆண்டுதோறும் பாம்பு கடித்து மாள்வதை அவர் கண்டார். கடித்தது எது என்று அறியாமையால், நஞ்சற்ற பாம்பு கடித்தவன் அச்சத்தால் நடுங்குவதும், நஞ்சுடையது கடித்தவன் வாளாவிருந்து இறப்பதும் அவர் கருத்தை வருத்தின. ஆகவே பாம்புகளைப் பிடித்துக் கொணரச் செய்து, செதில்களை எண்ணி, பற்களை ஆராய்ந்து, ஒவ்வொன்றையும் ஓவியமாக வரைவித்தார். கோழிகளையும் நாய்களையும் கடிக்கவிட்டு நஞ்சின் வேகத்தை அளந்தார். அவ்வுயிர்களை எண்ணுமிடத்து நம் மனம் சிறிது கூசுவது உண்மை. அக்காலத்துப் பெயர்பெற்றிருந்த தஞ்சாவூர் மாத்திரையையும் சோதித்து, அதிற் பாஷாணம் கலந்துள்ளதென்று கண்டார். மக்கள் எப்பெயரால் வழங்கினரோ அப்பெயரையே ஓவியங்களின்மேல் எழுதியது அவர் செய்த நன்மைகளுள் ஒன்று. ஆதலால் ஆங்கில நூலைப் புரட்டுவோர் அதனுள் தெலுங்குச் சொற்களைக் கண்டு மகிழலாம்.

அவற்றுள் இரண்டு பெயர்களை இங்குக் குறித்தல் வேண்டும். கண்ணாடி விரியன் அந்நூலுள் கட்டுக ரேகுல பொட எனவும், மலைப்பாம்பு பெத்த பொட எனவும் வழங்கும். கொல்லும் விரியனுக்கும் கொல்லா மலைப்பாம்புக்கும் பொது மக்கள் ஒரே சொல்லைச் சேர்த்து வழங்கியதை நோக்கின், குப்பத்து முதியவரின் ஐயம் எத்துணைப் பழமையானது என்பது புலப்படும். மலைப்பாம்பின் குட்டியை விரியனென்று அடிப்பதும், விரியனை மலைப்பாம்பின் குட்டியென்று எடுப்பதும் இன்றும் நிகழ்கின்றன. இந்தியாவில் 2000 முதல் 2019 வரை இருபதாண்டுகளில் ஏறக்குறைய 12 லட்சம் மக்கள் பாம்பு கடித்து இறந்தனர் என்று கணக்கிட்டுள்ளனர். அவ்விறப்புகளுட் பலவற்றுக்குக் கண்ணாடி விரியனே காரணம்.

இனி மலைப்பாம்பைப்பற்றிச் சில கூறுவோம். அது இரையின் எலும்பை நொறுக்குவதென்றும், மூச்சை அடைப்பதென்றும் நெடுங்காலம் நம்பி வந்தனர். 2015-இல் அதன் தூரத்து உறவாகிய போவாப் பாம்பைக் கொண்டு செய்த சோதனைகளில், அவ்விறுக்கத்தால் இரையின் இரத்த ஓட்டம் சில நொடிகளிலேயே தடைப்படுகின்றதென்று தெளிவாயிற்று. எலி, முயல், நீர்ப்பறவை, நரி, மான்கன்று என வயதுக்கும் பருமனுக்கும் ஏற்ப அதன் இரை மாறிக்கொண்டே போகும். ஒருமுறை பேரிரை விழுங்கியபின் வாரக்கணக்கில், சில வேளை மாதக்கணக்கில், அசையாது கிடக்கும். ஆகையால் அது காட்டைக் கொள்ளையிடுவதில்லை; பெருகிவரும் எலிகளையும் பிற சிறு விலங்குகளையும் மெல்ல மெல்லக் குறைத்துவருவதே அதன் வேலை. தாய்ப்பாம்பு முட்டைகளைச் சுற்றிக் கிடந்து, தன் தசைகளை நடுக்கிச் சூடு உண்டாக்கி அடைகாக்கும். அவ்வளவு பாடுபட்டும், முட்டைகளும் குட்டிகளும் உடும்புக்கும் கீரிக்கும் பருந்துக்கும் இரையாவன பல. பரத்பூர்ச் சதுப்பு நிலத்தில் முள்ளம்பன்றி தோண்டிய வளைகளிலேயே மலைப்பாம்புகள் குடியிருக்கின்றன. தின்பதும் தின்னப்படுவதும், பிறர் வளையில் ஒண்டியிருப்பதுமாகிய இவ்வாழ்க்கையில் எதனை நீக்கினாலும் வேறொன்று ஆட்டங்காணும்.

அதே பாம்பு தனக்குரியதல்லாத இடத்திற் புகுந்தால் விளைவது யாது? அமெரிக்க தேசத்து புளோரிடாவில், வளர்ப்போர் விட்டுவிட்ட பர்மியத் தேசத்து மலைப்பாம்புகள் எவர்கிளேட்ஸ் சதுப்பிற் பல்கிப் பெருகின. 2012-இல் வெளியான ஆராய்ச்சியின்படி, அங்கே ரக்கூன் என்னும் விலங்கு கண்ணிற்படுவது நூற்றுக்கு தொண்ணூற்றொன்பது பங்கு குறைந்துபோயிற்று. அவற்றைப் பிடிப்பதற்கு 2017-இல் அந்நாட்டார் அழைத்தது யாரை? நம் செங்கற்பட்டு மாவட்டத்து இருளர்களான மாசி சடையன், வடிவேல் கோபால் என்னும் இருவரை. முதல் எட்டு நாட்களிலேயே 13 பாம்புகளை அவர்கள் பிடித்தனர். 2023-இல் இந்திய அரசாங்கம் அவ்விருவருக்கும் பத்மஸ்ரீ விருது அளித்தது. ரஸ்ஸல் செதிலை எண்ணி எட்ட முயன்ற அறிவை, அவர்கள் புல்லின் சாய்விலும் மணலின் தடத்திலும் கற்றவர்கள்.

மீண்டும் நம் சரித்திரத்துக்கு வருவோம். 1789-இல் ரஸ்ஸல் இந்தியாவை விட்டு நீங்கினார். தாம் சேர்த்த பொருள்களுட் பெரும்பகுதியைச் சென்னையிலேயே விட்டுச் சென்றார். சோழமண்டலக் கரைப் பாம்புகளைப்பற்றிய அவருடைய நூலின் முதற்பாகம் 1796-இல் கும்பினியாரின் உதவியால் வெளிவந்தது. மறு ஆண்டே கண்ணாடி விரியனுக்கு ஐரோப்பிய அறிஞர் அவர் பெயரைச் சூட்டினர். பாம்புகளால் மாந்தர் மாளலாகாதென்று உழைத்தவரின் பெயர், மாந்தரை மிகுதியாய்க் கொல்லும் பாம்பொன்றின்மேல் நிலைத்தது விந்தையே. அவரும் ஒரு பெயர் சூட்டினார். மண்ணில் மறைந்து வாழும் இருதலை மணியன் என்னும் செந்நிற மண்ணுளிக்கு, 1801-இல், தரங்கம்பாடி மிஷனைச் சேர்ந்த கிறிஸ்தோப் ஸாமுவேல் யோன் என்பவரின் பெயரை இட்டார். யோன் போதகராயும் பள்ளி நடத்துவோராயும் இருந்ததோடு, இந்நாட்டு உயிர்களை ஆராய்ந்து வந்தவர். தலை எது, வால் எது என்று மயங்கச் செய்யும் அச்சாதுவான பாம்பை, அதிர்ஷ்டம் தரும் என்னும் பொய்ந்நம்பிக்கையால் இந்நாளிற் கள்ளத்தனமாய்ப் பிடித்து விற்கின்றனர். 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் அதனைத் தடுத்தும், பேராசை அடங்கினபாடில்லை.

1803-இல் விசாகப்பட்டினத்து மீன்கள் இருநூறுபற்றிய நூல் வெளிவந்தது. அடுத்த ஆண்டு, நல்லபாம்பு படம் விரிக்குமாற்றை ராயல் ஸொஸைட்டிக்கு எழுதி விளக்கினார். அப்பொழுது அவருக்கு எழுபத்தெட்டு வயது. மணம் புரியாத அவர் 1805-ஆம் ஆண்டு ஜூலை மாதம் 2-ஆம் தேதி இலண்டனிற் காலமானார். பாம்பு நூலின் எஞ்சிய பகுதிகளைப் பிறர் ஒழுங்குபடுத்தினர். கடைசிப் பகுதி 1809-இல் அச்சேறியது.