நாட் கிங் கோலும் விளம்பர முதலாளிகளும்

ஒருவருடைய குரலை வீட்டுக்குள் வரவேற்று, குரலுக்குரியவரை மட்டும் வாசலில் நிறுத்திவைக்கும் விந்தை அமெரிக்க நாட்டில் நடந்தது. அதற்கு இலக்கானவர் நாட் கிங் கோல்.

1919-ஆம் ஆண்டு அலபாமா மாகாணத்து மாண்ட்கோமரி நகரில், கறுப்பர் குடும்பமொன்றில் அவர் பிறந்தார். தந்தையார் கிறிஸ்தவப் பிரசங்கி. பியானோ கற்பித்தவர் அன்னையார். சிகாகோவில் வளர்ந்து, 1937-இல் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் மூவர் குழு அமைத்தார். முதலில் அவர் பியானோ வித்வானே. பாட்டால் புகழ் வந்தது பின்னர்தான். 1948-இல் வெளியான 'நேச்சர் பாய்' இசைத்தட்டு தேசமெங்கும் பரவிற்று.

அவ்வாண்டே அந்நகரில் வெள்ளையர் வசித்த ஹான்காக் பார்க்கில் வீடு வாங்கினார். அயலார் வெகுண்டனர். கறுப்பருக்கு வீடு விற்பதைத் தடுக்கும் ஒப்பந்தங்களைக் கோர்ட்டுகள் அமுல் நடத்தலாகாதென்று சுப்ரீம் கோர்ட் மே மாதத்திலேயே தீர்ப்பளித்திருந்தது. தீர்ப்பு வந்ததும் அயலார் மனம் மாறிவிடுவதில்லை என்பதை வக்கீல் தொழிலில் பழகிய நாம் அறிவோம். கோல் இறுதிவரை அவ்வீட்டை விடவில்லை.

1956 ஏப்ரலில் அலபாமாவின் பர்மிங்ஹாம் நகரில், வெள்ளையர் மட்டுமே அமர்ந்திருந்த சபையில் பாடுகையில், நிறவெறியர் சிலர் மேடையேறி அவரைத் தாக்கினர். அத்தகைய சபையில் பாடச் சம்மதித்ததேன் என்று அவரினத்தாரே வினவினர். வினா நியாயமானதே. தம் தொழில் பாடுவது, போராடுவதன்று என அவர் கருதியிருந்தது பிழையென்பதே நமது அபிப்பிராயம். அவரும் அதனை உணர்ந்தார் போலும்; கறுப்பர் உரிமைக்கு வாதாடிய தேசிய ஸங்கத்தில் ஆயுள் அங்கத்தினரானார்.

அவ்வாண்டு நவம்பரில் என்.பி.ஸி. ஸ்தாபனம் அவர் பெயராலேயே வாராந்தர டெலிவிஷன் நிகழ்ச்சி தொடங்கிற்று. எல்லா ஃபிட்ஜெரால்ட், ஹாரி பெலபாண்டி முதலியோர் சொற்ப ஊதியத்துக்கு வந்து பாடினர். ஆயினும் நாடு முழுவதற்கும் செலவேற்க விளம்பர முதலாளி ஒருவரேனும் முன்வரவில்லை. தென் மாகாணத்தார் தங்கள் சரக்கைப் பகிஷ்கரிப்பர் என்பதே அவர்களுடைய அச்சம். பத்திரிகை நடத்தும் நாமும் விளம்பரப் பணத்தில்தான் காகிதம் வாங்குகிறோம். அவ்வச்சத்தின் பலம் நமக்குத் தெரியாததன்று. ஆனால் அதற்குப் பணிந்த பின் விற்பதற்குச் சரக்கு மிஞ்சும், மானம் மிஞ்சாது. ஓராண்டுக்கு மேல் பொறுத்த கோல், 1957 டிசம்பரில் தாமே விலகினார். அவரது வாழ்வில் நாம் மிகவும் மதிப்பது அச்செயலையே.

சினிமாவிலும் சில வேளை நடித்தார். 1958-இல் 'ஸெயின்ட் லூயி ப்ளூஸ்' படத்தில் ஹேண்டி என்னும் கறுப்பர் இசைமேதையாகத் தோன்றினார். நடிப்பைவிடப் பாட்டே அதில் மேலோங்கிற்று. 'காட் பலூ' படத்தில் பாஞ்சோ வாசித்துக் கதைபாடுபவராக வந்தார். அது வெளிவருமுன்னரே, 1965 பிப்ரவரி 15-ஆம் தேதி, நுரையீரல் புற்றுநோயால் காலமானார். வயது நாற்பத்தைந்து.