யார் இந்த ராஜா சாண்டோ? பேசாத படத்திலேயே கேள்வி கேட்டவரின் கதை

தமிழக அரசின் திரைப்பட விருதுப் பட்டியலில் ராஜா சாண்டோ விருது என்ற பெயரைப் பார்த்திருப்பீங்க. யார் அவர்?

பயில்வான் ஹீரோ ஆனார்

புதுக்கோட்டையில் பிறந்த பி.கே.நாகலிங்கம் உடற்பயிற்சியில் கில்லாடி. உலகப் புகழ்பெற்ற பயில்வான் யூஜென் சாண்டோவின் பெயர் இவரோடும் ஒட்டிக்கொண்டது. 1920களில் பம்பாய் போனவர், மவுனப் பட ஹீரோ ஆனார். 1927-ல் சந்துலால் ஷா இயக்கிய ‘குணசுந்தரி’யில் கோஹருடன் நடித்தார். வழிதவறும் கணவனுக்காக அழுதுகொண்டிருக்காமல், தானும் வெளியே கிளம்பும் மனைவியின் கதை அது.

சென்னையில் என்ன செய்தார்?

1916 வாக்கில் நடராஜ முதலியார் ‘கீசக வதம்’ எடுத்ததிலிருந்து இங்கே புராணக் கதைகளுக்குத்தான் மவுசு. சென்னை திரும்பிய சாண்டோ, ஆர்.பத்மநாபனின் அசோசியேட்டட் பிலிம்ஸுக்காக சமூகக் கதைகளைக் கையில் எடுத்தார். ‘பேயும் பெண்ணும்’ (1930), ‘அனாதைப் பெண்’ (1931) அப்படி வந்தவை. 1930-ல் ‘நந்தனார்’ கதையையும் படமாக்கினார். புராணக் கதை மாதிரி தெரிந்தாலும், அன்றைக்கு அது நிகழ்காலப் பிரச்சினை. மதுரை மீனாட்சி கோயிலுக்குள் தலித் மக்கள் நுழைய 1939 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

படத்தில் வசனம் கிடையாது. திரையில் வரும் எழுத்து அட்டைதான் கதை சொல்லும். படிக்கத் தெரியாதவர்களுக்காக, அரங்கில் ஒருவர் அதைச் சத்தமாகச் சொல்வார்.

சிஷ்யர் தொட்ட உயரம்

சாண்டோவின் மவுனப் படங்களுக்குக் கதை எழுதிப் பழகியவர் வக்கீலுக்குப் படித்த கே.சுப்ரமணியம். பின்னாளில் ‘பாலயோகினி’யில் (1937) சாதியையும் விதவைகளின் நிலையையும் பேசினார். ‘தியாகபூமி’யில் (1939) கைவிட்ட கணவனோடு வாழ மறுக்கும் மனைவியைக் காட்டினார். அந்தப் படத்துக்கு பிரிட்டிஷ் அரசு தடை போட்டது. அடையாறு நிருத்யோதயா நடனப் பள்ளியைத் தொடங்கியவரும் இவர்தான்.

இப்போ பார்க்க முடியுமா?

பேசும்படம் வந்த பிறகும் சாண்டோ ஓயவில்லை. மாமியார் வீட்டில் மருமகள் படும் கொடுமையைச் சொன்ன ‘மேனகா’ (1935), எம்.கே.தியாகராஜ பாகவதர் நடித்த ‘திருநீலகண்டர்’ (1939) எல்லாம் அவர் இயக்கியவை. 1940களின் தொடக்கத்தில் காலமானார்.

அவர் தமிழில் எடுத்த மவுனப் படங்களில் ஒன்றுகூட இன்று நம்மிடம் இல்லை. தென்னிந்திய மவுனப் படங்களில் தப்பிப் பிழைத்தது 1933-ன் ‘மார்த்தாண்ட வர்மா’ மட்டும்தான். சாண்டோ கேட்ட கேள்விகளை அவருடைய படங்களின் பெயர்களிலும், சிஷ்யரின் படங்களிலும்தான் நாம் தேட வேண்டியிருக்கு.