சிறு நகரில் ஒரு பெரும் படைப்பு

அமெரிக்காவின் மினசோட்டா மாநிலத்தில் ஒவட்டோனா என்னும் சிறு நகரம் உள்ளது. அதன் மையப்பகுதியில் நிற்கும் பழைய வங்கிக் கட்டடத்தை வடிவமைத்தவர் லூயி சல்லிவன்.

சல்லிவன் 1856ஆம் ஆண்டு பாஸ்டன் நகரில் பிறந்தார். 1871இல் சிக்காகோ நகரின் பெரும்பகுதி தீயில் அழிந்தது. அந்நகரம் மீண்டும் எழுந்துகொண்டிருந்த காலத்தில், பதினேழு வயது சல்லிவன் அங்கு வேலை தேடிச் சென்றார். பின்னர், அட்லர் என்பவருடன் கூட்டுச் சேர்ந்து பல மாடிக் கட்டடங்களை வடிவமைத்துப் புகழ்பெற்றார்.

1893இல் அமெரிக்காவில் பொருளாதார நெருக்கடி ஏற்பட்டது. ஈராண்டுகளில் அவர்களின் கூட்டுத்தொழில் முடிவுக்கு வந்தது. அதன்பின் சல்லிவனுக்கு வாய்ப்புகள் குறைந்தன. அந்நிலையில், ஒவட்டோனா வங்கியாளர் கார்ல் பென்னட், சல்லிவன் எழுதிய கட்டுரையைப் படித்து, தம் வங்கியைக் கட்டும் பொறுப்பை அவரிடம் ஒப்படைத்தார்.

சிறிய ஊர்தானே என்று சல்லிவன் அலட்சியம் காட்டவில்லை. உதவியாளர் எல்ம்ஸ்லியுடன் இணைந்து ஒவ்வொரு நுணுக்கத்தையும் திட்டமிட்டார். செந்நிற மணற்கல் அடித்தளம், செங்கற்சுவர், பெரிய வளைவுகளில் வண்ணக் கண்ணாடி, பச்சை நிறச் சுடுமண் அலங்காரம் ஆகியவற்றுடன் வங்கி 1908இல் எழுந்தது. உழவர்கள் பணம் செலுத்த வரும் இடம் கலைக்கூடம்போல் மிளிர்ந்தது.

சல்லிவன் 1924இல் வறுமையில் இறந்தார். 1944இல், அமெரிக்கக் கட்டடக் கலைஞர் கழகம் அவருக்குத் தங்கப் பதக்கம் வழங்கியது. அந்த வங்கி 1976இல் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவிக்கப்பட்டது. 1981இல் அஞ்சல் தலையிலும் இடம்பெற்றது. கிடைத்த பணி சிறிதாயினும் அதனை முழுமனத்துடன் செய்தவரின் பெயரை, அக்கட்டடம் இன்றும் நினைவூட்டுகிறது.