எமில் டூ புவா-ரேமோன்

எமில் டூ புவா-ரேமோன் (நவம்பர் 7, 1818 – டிசம்பர் 26, 1896) ஜெர்மனியைச் சேர்ந்த உடலியங்கியல் அறிஞர் ஆவார். நரம்புகளிலும் தசைகளிலும் தோன்றும் மின்னோட்டத்தை அளந்து காட்டிய இவர், மின்னுடலியங்கியலின் முன்னோடியாகக் கருதப்படுகிறார். மனிதக் குரலால் உண்டான மின்னோட்டத்தைக் கொண்டு நரம்பைத் தூண்டிய ஆய்வும் இவருடையதாகும்.

வாழ்க்கை

இவர் பெர்லினில் பிறந்தார். பெர்லின் பல்கலைக்கழகத்தில் யொகான்னசு முல்லரிடம் பயின்றார். இத்தாலிய அறிஞர் கார்லோ மட்டூச்சி தவளையின் மின்சாரம் பற்றி எழுதியதை 1841 இல் முல்லர் இவரிடம் கொடுத்தார். அதுவே இவரது வாழ்நாள் ஆய்வுப் பொருளாயிற்று. உயிரினங்களை இயக்கத் தனியான உயிர்விசை ஒன்று உண்டு என்று முல்லர் நம்பினார். மாணவரோ இயற்பியல், வேதியியல் விதிகளே போதும் என்றார். கருத்து வேறுபட்டபோதும், முல்லர் 1858 இல் இறந்தபின் உடலியங்கியல் பேராசிரியர் பதவி இவருக்கே கிடைத்தது.

ஆய்வுகள்

நரம்பின் மின்னோட்டம் மிக நுண்ணியது. அதனை அளக்க, 24,000 க்கும் மேற்பட்ட கம்பிச் சுற்றுகள் கொண்ட கால்வனாமீட்டரை இவர் உருவாக்கினார். மனிதத் தசையில் அளப்பதற்குத் தோலின் மின்தடை இடையூறாக இருந்ததால், தம் கையின் தோலையே கொப்புளமாக்கி நீக்கி அளந்தார். இவரது ஆய்வுநூலின் முதல் தொகுதி 1848 இல் வெளியானது.

நரம்பைத் தூண்டுவது மின்னோட்டத்தின் அளவன்று, அதில் ஏற்படும் மாற்றமே என்பது இவர் வகுத்த விதியாகும். தூண்டலின் வலிமையைக் கூட்டவும் குறைக்கவும் இவர் அமைத்த கருவியில், ஒரு கம்பிச்சுருள் மற்றொன்றை நோக்கிச் சறுக்கி நகரும்.

தொலைபேசி ஆய்வு

கிரகாம் பெல்லின் தொலைபேசி 1877 இல் பெர்லினை அடைந்தது. மின்கலம் இன்றியே குரலுக்கேற்ப மாறும் மின்னோட்டத்தை அது தந்தது. டூ புவா-ரேமோன் அதன் கம்பிகளைத் தவளைக் காலின் நரம்புடன் இணைத்துப் பேசினார். துடிக்கச் சொல்லும் ஜெர்மன் சொல்லில் உள்ள உகர ஒலிக்குக் கால் துடித்தது. அசையாதிருக்கச் சொல்லும் தொடரின் இகர ஒலிக்குத் துடிக்கவில்லை. தவளை கட்டளையை உணரவில்லை. உயிரெழுத்துக்கேற்ப மின்னோட்டத்தின் அலைவடிவம் வேறுபட்டதே காரணம்.

மதிப்பீடு

தசைகளில் மின்மூலக்கூறுகள் உள்ளன என்ற இவரது கோட்பாட்டை இவரது மாணவர் லூடிமர் எர்மான் மறுத்தார். அது பின்னர் கைவிடப்பட்டது. அளவீட்டு முறைகள் நிலைத்தன. ஒலியை மின்தூண்டலாக மாற்றி நரம்புக்கு அளிக்கும் முறை, இன்று செவித்திறன் இழந்தோருக்குப் பொருத்தப்படும் காதுநத்தைப் பதியங்களில் பயன்படுகிறது.