சொந்தக் காலில் நின்ற கலைஞர்

திரைப்படம் பலர் கூடி உருவாக்கும் கலை. கதை எழுதுபவர் ஒருவர், நடிப்பவர் வேறொருவர், இயக்குபவர் மற்றொருவர். பணம் போடுபவர் பெரும்பாலும் இவர்களுள் எவரும் அல்லர். ஆயினும் எதை எடுப்பது, எத்தனை நாளில் முடிப்பது என்பவற்றை இறுதியாக முடிவு செய்பவர் அவரே. இந்த வழக்கத்திலிருந்து விலகி, கதை, நடிப்பு, இயக்கம், படத்தொகுப்பு, முதலீடு ஆகிய அனைத்தையும் தம் பொறுப்பில் வைத்துக்கொண்டு உலகைச் சிரிக்க வைத்தவர் சார்லி சாப்ளின். அந்த உரிமையை அவர் எவ்வாறு பெற்றார், அதற்காக எவற்றை ஏற்க வேண்டியிருந்தது என்பதை இப்பாடத்தில் காண்போம்.

வறுமையில் கழிந்த இளமை

சாப்ளின் 1889 ஆம் ஆண்டு ஏப்ரல் 16 ஆம் நாள் இங்கிலாந்தில் பிறந்து, தெற்கு லண்டனில் வளர்ந்தார். தந்தை சார்லஸ், தாய் ஹன்னா ஆகிய இருவரும் மேடைப் பாடகர்கள். சார்லி சிறு குழந்தையாக இருந்தபோதே பெற்றோர் பிரிந்தனர். தந்தை குடிப்பழக்கத்தால் உடல் நலிந்து, 1901 இல் இறந்தார். தாய் தையல் வேலை செய்து சார்லியையும் அவருடைய அண்ணன் சிட்னியையும் வளர்த்தார்.

தாம் முதன்முதலில் மேடையேறிய நிகழ்ச்சியைச் சாப்ளின் தம் தன்வரலாற்றில் விவரித்துள்ளார். அப்போது அவருக்கு வயது ஐந்து. ஒரு நாள் பாடிக்கொண்டிருந்த தாயின் குரல் திடீரெனக் கம்மியது. அரங்கில் இருந்தோர் கேலி செய்தனர். தாய் மேடையை விட்டு இறங்கவே, சிறுவன் சார்லி அவருக்குப் பதிலாகப் பாட நிறுத்தப்பட்டான். பாட்டின் நடுவே மக்கள் காசுகளை வீசினர். காசுகளைப் பொறுக்கிக்கொண்ட பிறகே மீதியைப் பாடுவதாகச் சிறுவன் அறிவிக்க, அரங்கம் சிரிப்பில் அதிர்ந்தது. மகன் முதன்முதலாக மேடையேறிய அந்த இரவே தாய் கடைசியாக மேடையேறிய இரவாகவும் அமைந்தது.

1896 ஆம் ஆண்டில் வாழ வழியின்றி மூவரும் ஏழையர் விடுதியில் சேர்ந்தனர். அங்கே தாய் ஒரு பகுதியிலும் பிள்ளைகள் மற்றொரு பகுதியிலும் வைக்கப்பட்டனர். பின்னர்ச் சிறுவர்கள் இருவரும் ஹான்வெல் என்னும் ஊரிலிருந்த ஆதரவற்றோர் பள்ளிக்கு அனுப்பப்பட்டனர். உண்ணும் உணவும் உடுக்கும் உடையும் உறங்கும் இடமும் பிறர் விருப்பப்படியே அமைந்த வாழ்க்கை அது. தாயும் சில ஆண்டுகளில் மனநோயால் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார்.

மேடையிலிருந்து திரைக்கு

சாப்ளின் பத்து வயதை எட்டுவதற்கு முன்பே ஒரு நடனக் குழுவில் சேர்ந்து ஊர் ஊராகச் சென்றார். பின்னர் நாடகத்தில் சிறு வேடம் கிடைத்தது. அப்போது அவருக்கு எழுத்துக்கூட்டிப் படிப்பதே கடினம். அண்ணன் சிட்னி உடனிருந்து படித்துக் காட்ட, வசனத்தை மனப்பாடம் செய்தார். 1908 இல் பிரெட் கார்னோ என்பவரின் புகழ்பெற்ற நகைச்சுவைக் குழுவில் இடம்பெற்றார். பேச்சைக் குறைத்து உடலசைவால் சிரிக்க வைக்கும் கலையை அங்கேதான் கற்றார். அக்குழுவுடன் 1910 இல் அமெரிக்காவுக்கும் சென்றார்.

அங்கு அவருடைய நடிப்பைக் கண்ட கீஸ்டோன் என்னும் படநிறுவனம், வாரம் 150 டாலர் சம்பளத்தில் அவரை அமர்த்தியது. 1914 இல் அவருடைய முதற்படம் வெளிவந்தது. தொளதொளப்பான கால்சட்டை, இறுக்கமான மேற்சட்டை, அளவில் பெரிய காலணி, சிறிய தொப்பி, துண்டு மீசை, கையில் ஒரு பிரம்பு ஆகியவற்றுடன் நாடோடி வேடமும் அவ்வாண்டிலேயே பிறந்தது. வீடும் வேலையும் இல்லாத அந்த நாடோடி, கந்தலை உடுத்தியிருந்தாலும் கனவானைப் போல நடந்துகொள்வான். ஏழை எளிய மக்கள் அவனிடம் தங்களைக் கண்டனர்.

கீஸ்டோனில் ஒரே ஆண்டில் முப்பதுக்கும் மேற்பட்ட குறும்படங்களில் சாப்ளின் நடித்தார். ஆனால் அவர் சிந்தித்துச் செய்த நகைச்சுவைகளைப் படத்தொகுப்பாளர்கள் வெட்டி எறிந்தனர். சாப்ளின் இதற்கு ஒரு வழி கண்டார். காட்சியின் நடுப்பகுதியே வெட்டுக்கு உள்ளாவதை அறிந்து, உள்ளே நுழையும்போதும் வெளியேறும்போதும் நகைச்சுவையைப் புகுத்தினார். அப்பகுதிகளை வெட்டினால் கதை விளங்காது என்பதால் அவை தப்பின. விரைவில், தாமே இயக்கும் வாய்ப்பையும் கேட்டுப் பெற்றார்.

பணமும் நேரமும்

அடுத்த ஆண்டே வேறொரு நிறுவனம் அவருக்கு வாரம் 1,250 டாலர் கொடுத்தது. 1916 இல் மியூச்சுவல் நிறுவனம் வாரம் 10,000 டாலர் கொடுத்தது. சாப்ளின் ஒவ்வொரு முறையும் பணத்துடன் நேரத்தையும் உரிமையையும் சேர்த்தே பெற்றார். முன்பு ஒரு வாரத்தில் முடிந்த குறும்படத்திற்கு இப்போது ஒரு மாதமும் அதற்கு மேலும் எடுத்துக்கொண்டார். இக்காலத்தில் வெளிவந்த ‘தி இமிக்ரன்ட்’ என்னும் படம், பிழைப்புத் தேடிக் கடல் கடந்து வரும் ஏழைகளின் கதை. கப்பலில் வந்தோர் சுதந்திர தேவியின் சிலையைக் காணும் அந்த நொடியிலேயே அதிகாரிகள் அவர்களைக் கயிறு கட்டித் தடுத்து நிறுத்துவர். சிரிப்புக்குள் இத்தகைய உண்மையை வைக்க அவருக்குத் தெரிந்திருந்தது.

1918 இல் ஹாலிவுட்டில் சொந்தப் படப்பிடிப்பு நிலையத்தை அமைத்தார். ஆனால் படம் எடுத்தால் மட்டும் போதாது. அது திரையரங்குகளைச் சென்று சேர வேண்டும். பெரிய நிறுவனங்கள் ஒன்றிணைந்து கலைஞர்களின் ஊதியத்தைக் குறைக்கத் திட்டமிடுவதாகச் செய்தி பரவியது. ஆகவே 1919 இல் மேரி பிக்போர்டு, டக்ளஸ் பேர்பேங்க்ஸ், டி. டபிள்யூ. கிரிபித் ஆகியோருடன் சேர்ந்து யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் என்னும் வெளியீட்டு நிறுவனத்தைத் தொடங்கினார். படைத்தவர்களே தங்கள் படங்களை வெளியிடும் நிலை இதனால் உருவாயிற்று.

1921 இல் வந்த ‘தி கிட்’ படத்தில், கைவிடப்பட்ட குழந்தையை நாடோடி எடுத்து வளர்க்கிறான். அதிகாரிகள் அக்குழந்தையை ஆதரவற்றோர் இல்லத்திற்குப் பிடித்துச் செல்லும் காட்சி, காண்போரைக் கண்கலங்கச் செய்யும். ‘தி கோல்டு ரஷ்’ படத்தில் பசி தாளாத நாடோடி தன் காலணியையே வேகவைத்து, விருந்துணவைப் போலச் சுவைத்து உண்கிறான். அந்தக் காலணி அதிமதுர மிட்டாயால் செய்யப்பட்டது. பசியோ சாப்ளின் சிறுவயதில் அறிந்திருந்த உண்மை.

பேசாமல் பேசிய படம்

1927 க்குப் பின் பேசும் படங்கள் பெருகின. இந்தியாவிலும் 1931 இல் ‘ஆலம் ஆரா’ இந்தியிலும், ‘காளிதாஸ்’ தமிழிலும் பேசின. அதே ஆண்டில் சாப்ளின் ‘சிட்டி லைட்ஸ்’ என்னும் படத்தை உரையாடல் இன்றி, இசையுடன் வெளியிட்டார். நாடோடி பேசினால் ஒரு மொழிக்கு உரியவன் ஆகிவிடுவான். பேசாதவரை எல்லா நாட்டு மக்களுக்கும் உரியவன் என்று அவர் கருதினார்.

பார்வையற்ற பூக்காரப் பெண், நாடோடியைச் செல்வந்தன் என்று தவறாக எண்ண வேண்டும். பேச்சில்லாமல் அதை எவ்வாறு காட்டுவது? இந்த ஒரு காட்சிக்காக முந்நூறு முறைக்கு மேல் படம் பிடித்தார். இறுதியில் மகிழுந்தின் கதவு சாத்தப்படும் ஓசையைக் கொண்டு தீர்வு கண்டார். அவர் சிந்தித்துக்கொண்டிருந்த நாள்களில் நிலையம் வேலையின்றி இருந்தது. பணியாளர்களுக்குச் சம்பளம் மட்டும் தடையின்றி வழங்கப்பட்டது. செலவு முழுவதும் அவருடைய சொந்தப் பணம். படம் தோற்றிருந்தால் இழப்பும் அவருடையதே. ஆனால் மக்கள் திரண்டு வந்து பார்த்தனர்.

எல்லாவற்றையும் தாமே முடிவு செய்யும் இந்த இயல்புக்கு மற்றொரு பக்கமும் உண்டு. உடன் நடித்தோரிடம் அவர் மிகவும் கடுமையாக நடந்துகொண்டார். தாம் நினைத்த அசைவு வரும்வரை அவர்களை விடமாட்டார்.

காந்தியடிகளும் எந்திரங்களும்

1931 செப்டம்பரில் லண்டனில் சாப்ளின் காந்தியடிகளைச் சந்தித்தார். இந்திய விடுதலைக்குத் தம் ஆதரவைத் தெரிவித்தபின், எந்திரங்களை அவர் எதிர்ப்பது ஏன் என வினவினார். எந்திரங்களால் இந்தியா அயலாரைச் சார்ந்து நிற்க நேர்ந்ததையும், சொந்தத் துணியைத் தானே நெய்து உடுப்பதன் தேவையையும் காந்தியடிகள் விளக்கினார். ஐந்தாண்டுகளுக்குப் பின் வெளிவந்த ‘மாடர்ன் டைம்ஸ்’ படத்தில், எந்திரத்தின் வேகத்திற்கு ஈடுகொடுக்க முடியாமல் தொழிலாளி ஒருவன் நிலைகுலைவதைச் சாப்ளின் சித்திரித்தார்.

சாப்ளினும் ஜெர்மனியின் கொடுங்கோலன் ஹிட்லரும் நான்கு நாள் இடைவெளியில் பிறந்தவர்கள். இருவருக்கும் துண்டு மீசை. அமெரிக்கா போரில் இறங்குவதற்கு முன்பே, 1940 இல், ஹிட்லரை எள்ளி நகையாடும் ‘தி கிரேட் டிக்டேட்டர்’ படத்தைத் தம் சொந்தச் செலவில் எடுத்து வெளியிட்டார். சாப்ளின் முழுமையாகப் பேசி நடித்த முதற்படம் இதுவே.

நாடு மறுத்ததும் அழைத்ததும்

பின்னாளில் சாப்ளினின் அரசியல் கருத்துகள்மீது அமெரிக்க அரசு ஐயம் கொண்டது. நாற்பது ஆண்டுகள் அங்கே வாழ்ந்தும் அவர் அந்நாட்டுக் குடியுரிமை பெற்றிருக்கவில்லை. 1952 இல் லண்டனுக்குக் கப்பலேறிய அவரது மறுநுழைவு அனுமதி, நடுக்கடலில் சென்றுகொண்டிருந்தபோது நீக்கப்பட்டது. சுவிட்சர்லாந்தில் குடும்பத்துடன் குடியேறி, தம் நிலையத்தையும் நிறுவனப் பங்கையும் விற்றுவிட்டார்.

இருபது ஆண்டுகள் கழிந்தன. 1972 இல் சிறப்பு ஆஸ்கர் விருது வழங்க அமெரிக்கா அவரை அழைத்தது. அரங்கிலிருந்தோர் எழுந்து நின்று நெடுநேரம் கைதட்டினர். 1975 இல் இங்கிலாந்து அவருக்கு ‘சர்’ பட்டம் வழங்கியது. 1977 ஆம் ஆண்டு டிசம்பர் 25 ஆம் நாள் தம் 88 ஆம் வயதில் மறைந்தார்.

காசைப் பொறுக்கிக்கொண்டு பாடிய ஐந்து வயதுச் சிறுவன், பிற்காலத்தில் தன் காசையே பணயம் வைத்துப் படம் எடுத்தான். பிறர் கையை எதிர்பார்த்து வாழ்ந்தவருக்கே தம் வேலை தம் கையில் இருப்பதன் அருமை நன்கு விளங்கும் போலும்.

சொல்லும் பொருளும்

கம்முதல் – குரல் அடைபடுதல்
கனவான் – மதிப்பிற்குரிய பெருமகன்
கந்தல் – கிழிந்த ஆடை
பணயம் – இழக்கவும் துணிந்து வைக்கும் பொருள்
எள்ளுதல் – இகழ்தல்

பயிற்சி

1. சாப்ளின் முதன்முதலில் மேடையேறிய நிகழ்ச்சியை உம் சொந்த நடையில் எழுதுக.
2. படத்தொகுப்பாளர்களின் வெட்டிலிருந்து தம் நகைச்சுவையைச் சாப்ளின் எவ்வாறு காத்துக்கொண்டார்?
3. யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் நிறுவனம் தோன்றக் காரணம் யாது?
4. நாடோடி பேசக் கூடாது என்று சாப்ளின் கருதியது ஏன்? அக்கருத்து சரியா? வகுப்பில் கலந்துரையாடுக.
5. உம் குடும்பத்தினர் இப்போது வாழும் ஊருக்கு வந்த கதையைப் பெற்றோரிடமோ தாத்தா பாட்டியிடமோ கேட்டுப் பத்து வரிகளில் எழுதுக.