வேணியர் என்னும் அளவறிஞர்

அறிஞர் பெருமக்கள் பலருடைய பெயர்கள் நூலகங்களிலே வாழ்கின்றன. சிலருடைய பெயர்கள் வீதிகளுக்கும் மண்டபங்களுக்கும் சூட்டப்பட்டு நிலைக்கின்றன. ஒருவருடைய பெயரோ பள்ளி ஆய்வுகூடத்தின் இழுப்பறையிலும், பட்டறையில் உழைப்போரின் சட்டைப் பையிலும் நாள்தோறும் வாழ்ந்து வருகின்றது. அவரே பியேர் வெர்னியே என்னும் பிரெஞ்சுமொழி அறிஞர் ஆவார். இலங்கைப் பாடநூல்கள் அவரை வேணியர் என்றும், தமிழகப் பாடநூல்கள் வெர்னியர் என்றும் எழுதும். அவர் பெயர் தாங்கிய அளவிடையைக் கையாளும் மாணவச் செல்வங்கள் அம்மனிதரின் வாழ்வையும் அறிந்திருத்தல் நலம்.

பிறப்பும் கல்வியும்

சுவிற்சர்லாந்தை அடுத்துள்ள பிரான்ஷ்-கோந்தே என்னும் நிலப்பகுதியில், லூ என்னும் ஆற்றின் கரையில், ஓர்னான் என்ற சிற்றூர் உளது. அங்கே 1580ஆம் ஆண்டளவில் வேணியர் பிறந்தார். இன்று பிரான்சின் பகுதியாக விளங்கும் அந்நிலம் அக்காலத்தில் ஸ்பானிய மன்னரின் ஆட்சிக்கு உட்பட்டிருந்தது. தந்தையார் குளோத் சட்டம் கற்றவர். ஓர்னான் கோட்டையின் பொறுப்பாளர். அளவைக் கலையிலும் ஈடுபாடு மிக்கவர். மகனுக்கு முதல் ஆசானாக அமைந்தவரும் அவரே. கணிதமும் கருவிகளின் இயல்பும் வீட்டிலேயே பயின்ற வேணியர், தந்தையாருடன் சேர்ந்து தம் நாட்டின் நிலப்படத்தை ஆக்குவதற்காக நிலம் அளந்தார். பின்னர் அரண்கள் அமைக்கும் பொறியியலாளராகப் பணியாற்றினார். ஓர்னான் கோட்டையின் தலைவர் பதவியும், அந்நாட்டு நாணயச் சாலைகளை மேற்பார்க்கும் பொறுப்பும் அவரைத் தேடி வந்தன.

நிலம் அளப்பவருக்கும் அரண் கட்டுபவருக்கும் கோணமே உயிர்நாடி. தொலைவில் உள்ள கோபுரத்தை நோக்கும் கோணம் சிறிது பிழைத்தாலும் நிலப்படத்திலே ஊர் இடம் மாறிவிடும். இத்தொல்லையை நாள்தோறும் எதிர்கொண்டவர் என்பதனாலேயே அதற்கு வழி காணவும் அவர் முற்பட்டார்.

தீராதிருந்த சிக்கல்

அந்நாளில் கோணம் அளக்கக் கால்வட்டக் கருவி பயன்பட்டது. ஒரு பாகையை அறுபது கூறாக்கினால் வருவது ஒரு கலை. முப்பது சென்ரிமீற்றர் ஆரையுள்ள கருவியில் ஒரு பாகைக்குரிய வில்லின் நீளம் ஏறத்தாழ ஐந்து மில்லிமீற்றரே. அச்சிற்றிடத்தில் அறுபது கூறுகளைக் கோடிட்டுக் காட்டுதல் எந்தக் கைவினைஞருக்கு இயலும்? கருவியைப் பெரிதாக்கினால் அதனைச் சுமந்து திரிதல் அரிது.

போர்த்துக்கேய அறிஞர் பெதுரோ நூனெஸ் 1542இல் ஒரு வழி கூறினார். கருவியின் உட்புறத்தே நாற்பத்து நான்கு வில்களை வரைந்து, அவற்றை 89, 88 என்று தொடங்கி 46 வரை வெவ்வேறு எண்ணிக்கையாகப் பிரிக்க வேண்டும் என்பது அது. எண்ணம் சிறந்தது; ஆனால் அத்தனை வில்களையும் பிழையின்றிப் பிரிப்பது பெரும்பாடு. வானியலறிஞர் தைக்கோ பிராகே அதனைச் செய்து பார்த்துப் பின் கைவிட்டார். கிளாவியுஸ் என்னும் கணித அறிஞர் இருவகைப் பிரிவுகளை ஒப்பிடும் எண்ணத்தை நெருங்கி வந்தார். ஆயினும் அதனைக் கருவியோடு நகரும் உறுப்பாகப் பொருத்தினாரல்லர்.

1631இல் வந்த விடை

வேணியர் கண்ட விடை எளிமையினாலேயே அழகு பெற்றது. கால்வட்டத்தின் வில்லை அரைப்பாகைகளாக மட்டும் பிரித்தார். அதன்மேல் நகரும் ஒரு சிறு துண்டினை முப்பத்தொரு அரைப்பாகை நீளமுடையதாக ஆக்கி, அதனை முப்பது சம கூறுகளாகப் பகுத்தார். நிலையான வில்லின் ஒரு பிரிவு 30 கலை. நகரும் துண்டின் ஒரு பிரிவு 31 கலை. இரண்டிற்கும் உள்ள வேறுபாடு ஒரே ஒரு கலை. துண்டின் ஏழாம் கோடு நிலையான கோடொன்றுடன் நேர்ப்பட்டால், ஏழு கலை என்று அறியலாம். கோடுகள் நெருங்கவும் இல்லை. கருவி பெருக்கவும் இல்லை. நுண்மை மட்டும் பெருகிற்று.

இதன் உட்பொருள் எண்ணி மகிழத் தக்கது. இரு கோடுகளின் இடைவெளியில் பத்தில் ஒரு பங்கு யாது என்று மதிப்பிடுவதில் நமது கண் தடுமாறும். இரு கோடுகள் ஒரே நேரில் நிற்கின்றனவா என்று காண்பதிலோ அதே கண் மிகக் கூர்மையானது. கண்ணுக்கு இயலாத வேலையை விலக்கி, இயன்ற வேலையை அதனிடம் ஒப்படைத்ததே வேணியரின் பேரறிவு.

இக்கண்டுபிடிப்பை விளக்கும் நூலை 1631ஆம் ஆண்டு பிரசெல்ஸ் நகரில் வெளியிட்டு, இளவரசி இசபெல்லாவுக்குக் காணிக்கையாக்கினார். சில ஆண்டுகளில் அவர் நாட்டைப் போர் சூழ்ந்தது. 1636இல் தோல் நகரம் முற்றுகைக்கு உள்ளாயிற்று. அப்போர் ஓயுமுன்னரே, பிறந்த ஊராகிய ஓர்னானில் அவர் காலமானார்.

பெயர் நிலைத்த வரலாறு

நெடுங்காலம் அவருடைய அளவிடை நூனெசின் பெயராலேயே வழங்கிற்று. 1764இல் பிரெஞ்சு வானியலறிஞர் லலாந்து தம் நூலில், இது வேணியருக்கே உரியது என்று எடுத்துக்காட்டிய பின்னரே உரிய பெயர் பரவலாயிற்று. ஆயினும் ஜெர்மனியிலும் நோர்வேயிலும் இன்றளவும் அது நோனியுஸ் என்றே அழைக்கப்படுகின்றது. அந்நாடுகளிற் பயிலும் நம் பிள்ளைகள் பாடசாலையில் ஒரு பெயரையும் தமிழ் நூல்களில் மற்றொரு பெயரையும் கண்டு மயங்க வேண்டா, பொருள் ஒன்றே.

வளைந்த வில்லுக்கென எழுந்த அளவிடை பின்னர் நேர்கோலுக்கும் பொருந்தியது. 1851இல் அமெரிக்காவின் பிராவிடென்சு நகரில் யோசேப்பு பிரவுண் என்பவர், அங்குலத்தின் ஆயிரத்தில் ஒரு பங்கைக் காட்டும் வேணியர் இடுக்கிமானியை ஆக்கினார். கோட்டைச் சுவர்களை அளந்தவரின் எண்ணம் இவ்வாறு பட்டறை மேசைக்கு வந்து சேர்ந்தது.

ஆழம் அளக்கும் கலை

பட்டறையில் நீள அகலங்களை அளப்பதினும் துளையின் ஆழத்தை அளப்பதே கடினம். ஆழம் குறைந்தால் மீண்டும் கடையலாம். மிகுந்தாலோ வெட்டிய உலோகத்தை மீண்டும் வைத்தல் இயலாது. ஒருநாள் உழைப்பு முழுவதும் வீணாகும். எனவே கருவியைத் தேர்தலிலும் கையாள்தலிலும் விழிப்பு வேண்டும்.

வழக்கமான இடுக்கிமானியின் பின்முனையில் நீளும் மெல்லிய கோல் ஆழத்தைக் காட்டும். விரைவான சோதனைக்கு அது போதும். ஆனால் அதன் முனை ஒடுங்கியது. சற்றே சரிந்தாலும் அளவு பிழைக்கும். அடிக்கடி ஆழம் அளப்போர் அகன்ற அடிப்பட்டையுடைய ஆழமானியையே கொள்ளுதல் தகும். துளையின் இருபுறமும் பட்டை பரந்து தங்குவதால் கோல் நேராக இறங்கும். ஐம்பது பிரிவுகள் உள்ள வேணியர் 0.02 மில்லிமீற்றர் வரை காட்டும். இதுவே அதன் இழிவெண்ணிக்கை. இதனினும் நுண்மை வேண்டுமாயின் திருகு வகை ஆழமானியை நாடுக.

அளக்குமுன் துளையின் விளிம்பிலுள்ள பிசிறையும் அடியிலுள்ள உலோகச் சீவலையும் நீக்குக. சமதளத் தட்டின்மேல் பட்டையை வைத்துக் கோலைத் தட்டில் படும்வரை இறக்கிப் பூச்சியம் காட்டுகின்றதா என்று பார்க்க. காட்டாவிடின் அவ்வழுவைக் குறித்து வைக்க. துளையின் அடிமூலை வளைந்திருக்குமாயின் கோல்முனையின் வெட்டுப் பக்கம் சுவரை நோக்கட்டும். இல்லையேல் கோல் வளைவிலே தங்கி ஆழத்தைக் குறைத்துக் காட்டும். பட்டையை ஒரு கையால் அழுத்தி, கோலை மெல்ல இறக்கி, திருகை இறுக்கிய பின் கருவியை எடுத்து நேர்நோக்கில் வாசிக்க.

ஓர் எடுத்துக்காட்டு: பிரதான அளவிடை 23 மில்லிமீற்றரைக் கடந்துள்ளது, வேணியரின் பதினேழாம் கோடு நேர்ப்படுகின்றது. 17ஐ 0.02ஆற் பெருக்க 0.34. ஆகவே வாசிப்பு 23.34. கருவி தொடக்கத்திலேயே 0.04 மிகையாகக் காட்டியிருந்தால், அதனைக் கழிக்க உண்மை ஆழம் 23.30 மில்லிமீற்றர் ஆகும்.

இன்று எண்களையே திரையிற் காட்டும் மின்னணுக் கருவிகள் மலிந்துவிட்டன. அவற்றிலும் பூச்சியம் பார்த்தலும் பிசிறு நீக்கலும் தவிர்க்க இயலாதவை. திரை தந்த எண்ணை அப்படியே நம்புவோனுக்கு, அவ்வெண் பிழைத்தபோது அதனை உணரும் ஆற்றல் இராது. இரு கோடுகள் நேர்ப்படும் இடத்தைத் தன் கண்ணாற் கண்டு பழகிய மாணவனோ, அளவு என்பது ஒப்பிட்டுத் தெளிவது என்பதை உணர்ந்தவனாவான். நானூறு ஆண்டுகளுக்கு முன் ஓர்னான் ஊரில் வாழ்ந்த அறிஞர் நமக்கு விட்டுச் சென்ற செல்வம் அவ்வுணர்வே ஆகும்.